இல்லாத நாட்டுக்குப் பஞ்சாங்கம்

இல்லாத நாடுகளுக்கு நாள் குறித்துக் கொடுப்பது என் தொழில். கணினி விளையாட்டு தயாரிக்கிறவர்களும் மாயக்கதைத் தொடர் எழுதுகிறவர்களும் ஒரு கற்பனை உலகத்தைக் கட்டும்போது வரைபடத்துக்கு ஒருவர், உடைக்கும் ஆயுதத்துக்கும் ஒருவர், ராஜவம்சத்துக்கு ஒருவர் என்று ஆள் வைத்துக்கொள்வார்கள். அங்கே வருஷத்துக்கு எத்தனை நாள், மாதம் எப்போது பிறக்கிறது, திருவிழா என்றைக்கு, வரி கட்டக் கடைசி நாள் எது என்பதெல்லாம் என் பங்கு. ஒடுகத்தூரில் உட்கார்ந்துகொண்டுதான் செய்கிறேன். ஊரில் கேட்டவர்களிடம் விளக்கிப் பார்த்தேன். "அப்போ ஜோசியரா?" என்றார்கள். கிட்டத்தட்ட அப்படித்தான். பலன் மட்டும் சொல்வதில்லை.

இந்த வேலைக்கு வருகிற எல்லோரும் முதலில் போடுகிற காலண்டர் ஒன்று உண்டு. பன்னிரண்டு மாதம், மாதத்துக்கு முப்பது நாள், வருஷம் 360. மாதங்களுக்குப் பனி, தீ, வாள், கழுகு என்று பெயர் வைத்துவிடுவார்கள். பார்க்க அழகாக இருக்கும். கணக்கும் சுலபம் என்பதால் நிரல் எழுதுகிறவர் கையெடுத்துக் கும்பிடுவார். ஆனால் அதில் யாரும் குடியிருக்க முடியாது. ஒரே ஆள் ஒரே மத்தியானத்தில் உட்கார்ந்து செய்தது என்று பார்த்தவுடனே தெரிந்துவிடும். நிஜமான காலண்டரை அப்படி யாரும் செய்ததில்லை. வானம் ஒன்று சொல்லும், விவசாயி ஒன்று சொல்வான், கோயில் ஒன்று, கஜானா ஒன்று. அந்த இழுபறி எங்கேயோ ஒரு தாளில் வந்து சமரசமாகியிருக்கும், அல்லது ஆகாமலே இருக்கும்.

அந்தத் தாளைத் தேடி வெளியே போக வேண்டாம். நம் வீட்டுச் சுவரில் தொங்குகிற தினசரி காலண்டர்தான் அது. சிவகாசியில் அடுத்த வருஷத்துக்கான மாதிரி ஆல்பங்களை ஆடிப்பெருக்கன்று வெளியிடுவது வழக்கம். ஜனவரியில் தொடங்குகிற இங்கிலீஷ் வருஷத்தின் வியாபாரம், தமிழ்க் கணக்கில் ஆடி 18 அன்று ஆரம்பிக்கிறது. அதில் ஒரு தாளைக் கிழித்துப் பாருங்கள். ஆங்கிலத் தேதி, தமிழ்த் தேதி, ஹிஜ்ரி தேதி, திதி, நட்சத்திரம், நல்ல நேரம், ராகு காலம், எமகண்டம், குளிகை, சூலம், சந்திராஷ்டமம். இத்தனையையும் ஒருசேர அனுசரிக்கிற மனிதர் எவரும் இல்லை. வேண்டியதை வேண்டியவர் பார்த்துக்கொள்கிறார். ஒரு கற்பனை நாட்டுக்குக் காலண்டர் செய்யும்போது நான் கேட்டுக்கொள்கிற முதல் கேள்வி அதனால்தான் நிலாவைப் பற்றியது இல்லை. இந்த ஊரில் யார் யார் தேதி பார்க்கிறார்கள், எதற்காகப் பார்க்கிறார்கள்?

எங்கள் ஊர் வெள்ளிக்கிழமை ஆட்டுச்சந்தைக்கு வந்தால் இதைக் கண்ணால் பார்க்கலாம். சந்தை கூடுவது வாரக் கணக்கில். பீஞ்சமந்தைப் பக்கத்து மலைக்காரர்கள் இறங்கி வருவது சாமை விதைப்பு, அறுப்பு, புளி உலுக்குகிற காலம் என்று அவர்களுடைய கணக்கில். ஆட்டு விலை ஏறுவதோ ஆடிக்கும் தீபாவளிக்கும் பக்ரீத்துக்கும். ஆடி சூரியக் கணக்கு, வருஷா வருஷம் அதே இடத்தில் நிற்கும். தீபாவளி நிலாவைப் பார்த்து வந்தாலும் ஐப்பசியோடு கட்டிப்போட்டது. பக்ரீத் முழுக்க நிலாக் கணக்கு. வருஷத்துக்குப் பத்துப் பதினோரு நாள் முன்னால் நகர்ந்துகொண்டே வந்து, ஏறக்குறைய 33 வருஷத்தில் எல்லாப் பருவத்தையும் ஒரு சுற்று சுற்றிவிடும். சந்தையில் ஒரு வியாபாரியிடம், "அண்ணே, வர்ற வருஷம் ஆடு என்ன விலை போகும்?" என்று கேட்டேன். "பக்ரீத் ஆடிக்கு முன்னாடியா பின்னாடியான்னு நீ சொல்லு தம்பி, வெலய நான் சொல்றேன்" என்றார். மூன்று காலண்டரை ஒரே தலைக்குள் ஓட்டுகிற இந்த அண்ணன் மாதிரி ஒரு பாத்திரத்தை நான் படித்த மாயக்கதைகளில் பார்த்ததில்லை. அங்கே ஒரு சாம்ராஜ்யம் முழுக்க ஒரே தேதி.

முன்பு ஒரு விளையாட்டு நிறுவனத்துக்குச் செய்த வேலையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். ஒப்பந்தப்படி நிறுவனத்தின் பெயரும் விளையாட்டின் பெயரும் சொல்லக் கூடாது. மலையும் சமவெளியுமான ஒரு நாடு, அதற்கு இரண்டு நிலா. "எதற்கு இரண்டு?" என்று கேட்டேன். "அட்டைப் படத்துல நல்லா இருக்கும் சார்" என்றார் தயாரிப்பைக் கவனித்த தம்பி. சரி, அட்டைப் படத்துக்கு வந்த நிலாவுக்கும் வேலை கொடுத்துவிடுவோம் என்று உட்கார்ந்தேன்.

பெரிய நிலா தேய்ந்து வளர 28 நாள். சின்ன நிலாவுக்கு ஆறு நாள். ஆறு நாள் என்பது சந்தை வாரத்துக்குப் பொருத்தமான அளவு. எழுதப் படிக்கத் தெரியாதவன்கூட அண்ணாந்து பார்த்துச் சந்தை நாளைச் சொல்லிவிடலாம். இரண்டு நிலாவும் சேர்ந்து பௌர்ணமியாவது 84 நாளுக்கு ஒரு தடவை. அது திருவிழா. இதுவரை தம்பிக்கு ஏகப்பட்ட சந்தோஷம். அடுத்து வருஷத்தின் நீளம். அவர் 392 என்று எதிர்பார்த்தார், 28ஐப் பதினான்கால் பெருக்கினால் சரியாக வருகிறதே என்று. நான் 391⅓ நாள் என்று வைத்தேன்.

அந்த முக்கால் நாள்கூடத் தேறாத வித்தியாசத்தில்தான் கதை இருக்கிறது. பதினான்கு நிலா மாதம் 392 நாள். சூரியன் 391⅓ நாளில் சுற்றி முடித்துவிடுகிறது. வருஷத்துக்கு மூன்றில் இரண்டு நாள் மாதங்கள் பின்தங்குகின்றன. மூன்று வருஷத்தில் இரண்டு நாள், 42 வருஷத்தில் 28 நாள், அதாவது முழுசாக ஒரு மாதம். நம் வானத்தில் நிலைமை நேர்மாறு. பன்னிரண்டு சந்திர மாதம் 354 நாள்தான் என்பதால் சூரிய வருஷத்துக்குப் பதினொரு நாள் குறைகிறது. அதை ஈடுகட்டத் தெலுங்கர்களும் கன்னடர்களும் 19 வருஷத்தில் ஏழு அதிக மாதங்களைச் சேர்க்கிறார்கள். எனக்கு வேண்டியிருந்தது சேர்ப்பு இல்லை, வெட்டு. 42 வருஷத்துக்கு ஒரு தடவை ஒரு மாதத்தையே காலண்டரிலிருந்து தூக்கிவிட வேண்டும். இதுவும் வெறும் கற்பனை என்று நினைத்துவிடாதீர்கள். நம் சந்திரமானக் கணக்கிலும் க்ஷய மாதம் என்று ஒன்று அபூர்வமாக வரும். 1963-64லும் 1982-83லும் வந்தது. அடுத்தது 2123-24இல்தான்.

தூக்கப்படுகிற மாதத்தில் பிறந்தவனுக்கு அந்த வருஷம் பிறந்தநாள் கிடையாது. அது சின்ன விஷயம். பெரிய விஷயம், அரண்மனை மாதவாரியாகக் குத்தகை வாங்குகிறது. வருஷத்துக்குப் பதினான்கு என்று 42 வருஷத்துக்கு 588 தவணை ஏட்டில் எழுதியிருக்கிறது. வானத்தில் அத்தனை மாதம் இல்லை, 587தான் இருக்கிறது. 16,436 நாளை 28ஆல் வகுத்துப் பாருங்கள், பிசிறில்லாமல் வரும். அந்த 588ஆவது தவணையைக் கட்ட வேண்டுமா, வேண்டாமா? கஜானாக்காரன் கட்டு என்கிறான். குடியானவன் எந்த நிலாவைக் காட்டிக் கேட்கிறாய் என்கிறான். விளையாட்டு தொடங்குவது அந்த நாற்பத்திரண்டாவது வருஷத்தில். வாளும் வேதாளமும் பிறகு வந்து சேர்ந்தன.

இந்த யோசனை எனக்கு வந்தது தாலுகா அலுவலகத்தில். பட்டா விஷயமாகப் போய்க் காத்திருந்தபோது பழைய அடங்கல் ஒன்றில் பசலி என்று போட்டிருந்த எண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நம் வருவாய்த்துறை இன்றைக்கும் பசலி ஆண்டில்தான் கணக்கு எழுதுகிறது. ஜூலை 1 அன்று பிறக்கும். 2024 ஜூலையில் பிறந்தது பசலி 1434. பழைய பசலி முடிகிற சமயத்தில் ஜமாபந்தி நடத்திக் கணக்கை முடிப்பார்கள். பசலி முகலாயர் காலத்துச் சரக்கு. ஹிஜ்ரி வருஷம் பருவத்தை விட்டு ஓடிக்கொண்டே இருப்பதால், அந்தக் கணக்கில் வரி கேட்டால் கதிர் முற்றுவதற்கு முன்பே தண்டல்காரன் வந்து நிற்பான். அதனால் ஹிஜ்ரி எண்ணை அப்படியே வைத்துக்கொண்டு, அதற்குப் பிறகு சூரிய வருஷமாக ஓடும்படி மாற்றிவிட்டார்கள். அறுப்பை ஒட்டிய வருஷம், வரிக்காகவே செய்தது. பசலிப் பிறப்புக்கு யாரும் கோலம் போடுவதில்லை, வாழ்த்து அனுப்புவதில்லை. ஆனால் முகலாயர் போய், கம்பெனி போய், வெள்ளைக்காரன் போய், அது மட்டும் எங்கள் அணைக்கட்டு தாலுகாவில் இருக்கிறது. வாங்குகிறவன் ஒருவன் இருக்கிறவரை காலண்டர் சாகாது.

எதிர்ப்பக்கத்துக்கு ஓர் உதாரணம் வேண்டுமானால் நம் தேசியக் காலண்டரைச் சொல்லலாம். என் தொழிலில் இருக்கிறவன் பார்த்து ஏங்குகிற அளவுக்கு நேர்த்தியான வேலை அது. 1952இல் மேக்நாத் சாகா தலைமையில் அமைத்த குழு, நாட்டில் புழங்கிய ஏறக்குறைய முப்பது பஞ்சாங்கங்களை எடுத்து ஆராய்ந்தது. அதன் பரிந்துரைப்படி 1957 மார்ச் 22 அன்று, சக வருஷம் 1879 சைத்ர மாதம் முதல் தேதியாக, அரசு அதை ஏற்றுக்கொண்டது. முதல் மாதம் சைத்ரத்துக்கு முப்பது நாள், லீப் வருஷத்தில் 31. அடுத்த ஐந்து மாதத்துக்கு 31, மீதி ஆறுக்கு முப்பது. கோடைப் பக்கத்து மாதங்களுக்கு ஒரு நாள் கூடுதலாகக் கொடுத்ததற்கும் வானத்தில் காரணம் இருக்கிறது. அரசிதழில் அச்சாகிறது, வானொலியில் சொல்கிறார்கள். ஆனால் சைத்ர ஐந்தாம் தேதி எனக்குப் பிறந்தநாள் என்று யாராவது சொல்லி நீங்கள் கேட்டதுண்டா? சாகா போன்ற விஞ்ஞானி செய்ததற்கே இந்தக் கதி என்றால் 360 நாள்காரர்கள் எம்மாத்திரம்.

கோடை மாதங்கள் நீள்வதற்கான அந்தக் காரணம் நம் தமிழ் மாதங்களில் இன்னும் பச்சையாகத் தெரியும். சூரியன் ஒரு ராசியைக் கடக்கிற காலம்தான் நமக்கு மாதம். ஜூலைத் தொடக்கத்தில் பூமி சூரியனை விட்டு அதிக தூரத்தில் இருப்பதால் மெதுவாகப் போகிறது. ஜனவரித் தொடக்கத்தில் மிக அருகில் இருப்பதால் வேகமாகப் போகிறது. ஆனியைக் கடக்க ஏறக்குறைய முப்பத்தொன்றரை நாள், மார்கழிக்கு இருபத்தொன்பதரைக்கும் குறைவு. ஆனி 32 நாளாக நீள்வதும் மார்கழி 29இல் முடிவதும் இதனால்தான். கெப்ளருக்குப் பல நூறு வருஷத்துக்கு முன்பே நம் ஆட்கள் மாதத்தின் நீளத்தில் இதை வைத்திருந்தார்கள். காரணத்தை வேறுவிதமாக விளக்கினார்கள் என்பது உண்மைதான், ஆனால் அளவு சரி.

மாதம் எந்த நாளில் பிறக்கிறது என்பதில் இன்னொரு வேடிக்கை. சூரியன் ராசிக்குள் நுழைவது அஸ்தமனத்துக்கு முன் என்றால் நமக்கு அன்றே மாதப்பிறப்பு, அப்புறம் என்றால் மறுநாள். கேரளத்தில் பகலை ஐந்தாகப் பங்கிட்டு மூன்று பங்கு முடிவதற்குள் நுழைந்தால்தான் அன்று. வானத்தில் நடந்தது ஒன்றே. ஆனாலும் கோவைக்கும் பாலக்காட்டுக்கும் சில மாதங்கள் ஒரு நாள் தள்ளிப் பிறக்கும். இதை நான் அலுக்காமல் பயன்படுத்தியிருக்கிறேன். இரண்டு நாட்டு எல்லையில் ஒரு பாலம். ஒப்பந்தப்படி ஒன்றாம் தேதி பணயக்கைதியை ஒப்படைக்க வேண்டும். இவன் நாளில் அது இன்று, அவன் நாளில் நாளை. இருவரும் வாக்குத் தவறவில்லை, இருந்தும் சண்டை மூள்கிறது.

இதெல்லாம் மிகையாக இருக்கிறதே என்று அந்தத் தம்பி ஒரு தடவை சொன்னார். திருநள்ளாற்றை எடுத்துக் காட்டினேன். திருக்கணிதப்படி சனிப்பெயர்ச்சி 2025 மார்ச் 29. வாக்கியப் பஞ்சாங்கத்தைப் பின்பற்றுகிற திருநள்ளாறு கோயிலோ, இந்த வருஷம் பெயர்ச்சி இல்லை, 2026இல்தான் என்று அறிவித்தது. ஒரே கிரகம், ஒரே மொழி பேசுகிற ஜனம், ஏறக்குறைய ஒரு வருஷ வித்தியாசம். தம்பி அதற்குப் பிறகு பேசவில்லை.

வாக்கியம் என்றதும் ஒரு விஷயத்தைச் சொல்லாமல் போக மனசு வரவில்லை. ஜான் வாரன் என்கிற ஆங்கிலேயப் படை அதிகாரி, 1825இல் சென்னையில் வெளியான தம் 'காலசங்கலித' நூலில், புதுச்சேரியில் தாம் சந்தித்த ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக்காரரைப் பற்றி எழுதியிருக்கிறார். அவர் தரையில் சோழிகளை வைத்து நகர்த்திக்கொண்டே, மனப்பாடமாக இருந்த வாக்கியங்களிலிருந்து எண்களை எடுத்து, சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினாராம். ஏடு இல்லை, எழுத்தாணி இல்லை. கிரகணம் தொடங்கும் நேரம் சில நிமிஷங்களே பிசகியது. எழுத்துக்கு ஓர் எண் என்று வைத்து எண்களையே பாட்டாக மாற்றிக்கொள்கிற முறை அது. சந்திர வாக்கியங்கள் மொத்தம் 248. ஏனென்றால் நிலா வேகம் கூடிக் குறைகிற சுற்றை 248 நாளில் ஒன்பது தடவை முடிக்கிறது. இந்தக் கணக்கையே வைத்து 1952இல் வானியல் வரலாற்றாய்வாளர் ஓட்டோ நியூகெபவர் தமிழ் வானியலைப் பற்றித் தனிக் கட்டுரை எழுதினார். என் இரண்டு நிலா நாட்டில் கிரகணம் சொல்கிறவர்களுக்கு ஜோதிக் கோளமும் மந்திரக் கண்ணாடியும் வேண்டும் என்று ஓவியர் கேட்டார். சோழியும் மண் தரையும் போதும் என்று எழுதிக் கொடுத்தேன். அந்தக் காட்சி விளையாட்டில் அப்படியே இருக்கிறது. எனக்கு அதில் பெருமை உண்டு.

அந்த நாட்டுச் சமவெளிக்காரர்களுக்கு நிலாக் காலண்டர் ஆயிற்று. மலைக்காரர்களுக்கு? எங்கள் ஊருக்குத் தெற்கே ஜவ்வாது மலையில்தான் காவலூர் வானாய்வகம். 1977இல் யுரேனஸின் வளையங்களைக் கண்டுகொண்ட இடங்களில் அதுவும் ஒன்று. 1986இல் திறந்த 2.34 மீட்டர் தொலைநோக்கிக்கு அதைக் கட்டக் கனவு கண்ட வைணு பாப்பு பெயரையே வைத்தார்கள். அவ்வளவு பெரிய கண்ணாடி பக்கத்தில் இருந்தும், நான் மலைக்காரர்களுக்குக் கொடுத்த கருவி ஒரு குச்சி. நாம் இருக்கிற அட்சரேகையில் வருஷத்துக்கு இரண்டு தடவை சூரியன் நேர் உச்சிக்கு வரும். ஒடுகத்தூரில் ஏப்ரல் கடைசி வாரத்திலும் ஆகஸ்ட் மூன்றாம் வாரத்திலும். அன்றைக்கு நடுப்பகலில் நட்ட குச்சிக்கு நிழல் இருக்காது. என் மலைக்காரர்களுக்கு முதல் நிழலற்ற நாளில் வருஷம் பிறக்கும், இரண்டாவதில் பாதி விதைப்புக் கணக்கு முடியும். மாதமே கிடையாது. எந்தப் பூ, எந்தக் காற்று, எந்தக் கிழங்கு என்றுதான் இடைப்பட்ட நாளைச் சொல்வார்கள். இவர்களும் சந்தைக்கு இறங்கி வரவேண்டும் என்பதால் ஆறு நாள் வாரம் மட்டும் பொது.

வாரத்தில் நான் கைவைப்பதே இல்லை. பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் 1793இல் பத்து நாள் வாரம் கொண்டுவந்தார்கள், 1806 பிறந்தபோது அந்தக் காலண்டரே போய்விட்டது. சோவியத்தில் 1929இல் ஐந்து நாள் வாரம் வந்தது, 1940இல் ஏழு திரும்பிவிட்டது. மாயக்கதை எழுதிய டோல்கீன் தன் ஹாபிட்டுகளின் ஷயர் நாட்டுக் காலண்டரில் வருஷ நடுவில் ஒரு நாளை எந்தக் கிழமையிலும் சேராமல் விட்டார், தேதிக்குக் கிழமை மாறாமல் இருக்க. அதே உத்தியுள்ள உலகக் காலண்டரை 1950களில் இந்தியா ஐ.நா. சபையில் முன்வைத்தது. கிழமை தொடர்ச்சி அறுந்தால் தொழுகை நாள் என்னாவது என்று மதத் தரப்பினர் எதிர்த்தார்கள், நின்றுபோனது. ஹாபிட்டுகள் ஏற்றுக்கொண்டார்கள், மனிதர்கள் ஏற்கவில்லை. பொய்கையில் செவ்வாய்க்கிழமை, ஒடுகத்தூரில் வெள்ளிக்கிழமை என்று மாட்டையும் ஆட்டையும் ஓட்டிக்கொண்டு போகிறவனிடம் இனி ஒரு நாளுக்குக் கிழமை இல்லை என்று போய்ச் சொல்லிப் பாருங்கள்.

சரி, வேலை என்ன ஆயிற்று என்பதையும் சொல்லிவிடுகிறேன். 391⅓ஐ 392 ஆக்கிவிடலாமா என்று கடைசி வாரம்வரை கேட்டுக்கொண்டே இருந்தார்கள். மறுத்துவிட்டேன். மூன்று வருஷத்துக்கு ஒரு நாள் கூடுவதை எழுத நிரலாளருக்கு ஒரு சாயங்காலம் பிடித்தது, அவ்வளவுதான். விட்டுக்கொடுத்தது மாதப் பெயர்களில். நான் பதினான்கு மாதத்துக்கும் நாட்டின் வட பக்கம் ஒரு பெயர், தென் பக்கம் ஒரு பெயர் கொடுத்திருந்தேன். குழப்பம் என்று ஒன்றாக்கிவிட்டார்கள். அந்த வாதத்தில் அவர்கள் பக்கமும் நியாயம் இருந்தது. மொத்தம் 28 பெயரை விளையாடுகிறவர் ஞாபகம் வைத்துக்கொள்ள மாட்டார்.

இப்போது வேறொரு நாட்டுக்கு வேலை நடக்கிறது. இதைப் படிக்கிறவர்களிடம் ஒரு விண்ணப்பம். ஜவ்வாது மலையிலோ கொல்லிமலையிலோ கல்வராயனிலோ உங்களுக்குப் பெரியவர்கள் இருந்தால், சாமை விதைக்க எதைப் பார்த்து நாள் சொல்வார்கள், கைமாற்றுக் கடனை எந்த நாளுக்குள் திருப்ப வேண்டும் என்று வைத்திருந்தார்கள், மழை பொய்த்த வருஷத்தில் திருவிழாவைத் தள்ளிப்போட யாருக்கு அதிகாரம் என்று கேட்டு எழுதி அனுப்புங்கள். ஊரையும் பெயரையும் மாற்றிப் பயன்படுத்திக்கொள்கிறேன். சன்மானம் உண்டு.